மூக்கு நீளமா இருந்தா என்ன அர்த்தம்?

வாடா பேராண்டி, உக்காரு. பணம் கட்டி, குளுகுளு அறையில உக்காந்து, உருவகம்னா என்னன்னு படிச்சிட்டு வந்தியாமே? உங்க அப்பத்தா பல்லு வெளக்குறதுக்குள்ள நாலு உருவகத்தை உன் மேல வீசுவாளே, அதுக்கு ரசீது கேட்டியா?

ஒருத்தனுக்குக் கை நீளம்னா களவாணி. வாய் நீளம்னா வாயாடி. மூக்கு நீளம்னா? ஒண்ணுமில்ல, மூக்கு நீளம், அவ்வளவுதான்! எந்தப் பஞ்சாயத்துல கூடி இப்படித் தீர்மானம் போட்டாக? எவனோ ஒருத்தன் குசும்பாச் சொன்னான், கேட்டவுக சிரிச்சாக, சொல்லு ஊரோட தங்கிருச்சு. மூக்கை வச்சு முயற்சி பண்ணவன் பாவம், யாரும் சிரிக்காம முழிச்சிருப்பான்.

1980-ல அமெரிக்காவுல லேக்காஃப், ஜான்சன்னு ரெண்டு பேரு, மனுசன் நினைக்கிறதே உருவகத்துலதான்னு புத்தகம் போட்டாக. நேரத்தைக் காசு மாதிரிச் செலவழிக்கிறோம், வாக்குவாதத்தைச் சண்டையாப் போடுறோம்னாக. சரிதான், நான் குத்தம் சொல்லல.

சிரிப்புக்கும் வகுப்பு எடுத்தாகளா? தொல்காப்பியரு, மனசுல உள்ளதை உடம்பு காட்டுற மெய்ப்பாடு எட்டுன்னு சொல்லி, நகைங்கிற சிரிப்பைத்தான் மொத வச்சாரு. அது நாலு வழியா வருமாம்: அடுத்தவனை எள்ளுறது, சின்னப்பிள்ளைத்தனம், வெள்ளந்தித்தனம், மடத்தனம். உன் ரசீதைப் பாத்ததும் எனக்கு நாலும் ஒண்ணா வந்துச்சுடா.

இதைக் கேளு. வீட்டுக்கு வந்தவர்கிட்ட, "காப்பி குடிச்சிட்டுத்தான வந்திருப்பீக?"ன்னு கேட்டுப் பாரு. காப்பி கிடையாதுங்கிற சொல்லு அதுல எங்க இருக்கு? அகராதியைப் புரட்டினாலும் அகப்படாது. ஆனா அவரு செருப்பைத் தேடுவாரே! சொல்லு பாதிதான்டா. மீதி, யாரு யார்கிட்ட எந்த வாசல்ல வச்சுச் சொன்னாகங்கிறதுல கிடக்கு.

கன்னங்கரேல்னு நிக்கிறதையும் வெள்ளாடுன்னுதான் கூப்பிடுறோம். அந்த ஆடு ஒருநாளாச்சும் மறுத்துச்சா? ஆகாத சொல்லை விட்டுட்டு நல்ல சொல்லாச் சொல்றதுக்கு மங்கலம்னு பேரு; உரைக்காரருக வெள்ளாட்டை அந்தக் கணக்குல சேத்துட்டாக. நன்னூல் எழுதின பவணந்தியாரு அந்த மங்கலத்தோட, ஒரு கூட்டம் தனக்குள்ள மட்டும் பேசிக்கிற சொல்லையும் குழூஉக்குறின்னு சேத்துச் சொன்னாரு. அதுக்கு உரைக்காரருக சொல்ற உதாரணம் இன்னும் ருசி. தட்டாருக பொன்னைப் 'பறி'ன்னாகளாம். வேடருக கள்ளுக்கு வச்ச பேரு 'சொல்விளம்பி'.

அது ஏன் அந்தப் பேருன்னு கேக்குறியா? சனிக்கிழமை ராத்திரி உங்க சித்தப்பன் வீட்டுத் திண்ணையில போய்ச் சத்தமில்லாம உக்காரு.