தோலும் துணியும் பிரியாதிருக்க

கேள்வி: என் காங்கேயம் காளைக்கு மணி கட்டும் தோல்வாரின் உட்புறத்தில் ஒட்டிய கான்வாஸ் துணி, கண்ணபுரம் சந்தையிலிருந்து வீடு திரும்புமுன் கழன்றுவிட்டதே, எந்தப் பசையை நம்புவது?
– ஒரு வாசகர், வெள்ளகோவில்

பதில்: பசையை நிந்திக்குமுன் தோலின் சுபாவத்தை அறிய வேண்டும். மேற்புறத்தில் எண்ணெயும் மெழுகும், உட்புறத்தில் உதிரும் நாரும் பசையை வேரூன்ற விடா. ஆகையால் ஒட்டும் பாகத்தை உப்புத்தாளால் தேய்த்து, தூசியை அகற்றி, செருப்புத் தைப்போர் சொலூஷன் என்று வழங்கும் மஞ்சள் நிற ரப்பர்ப் பசையைத் தோல், துணி இரண்டிலும் மெல்லிதாகப் பூசி, விரல் வைத்தால் ஒட்டாத பதம் வரும்வரை சுமார் 10 நிமிஷம் காத்திருந்து, அதன்பின் சேர்த்துச் சுத்தியால் தட்டுங்கள். பொறுத்தார் பூமியாள்வார் என்பது பசைக்கும் பொருந்தும்.

மரத்தோடு தோலை ஒட்ட வச்சிரப் பசை உத்தமம். தோலைக் காய்ச்சி எடுத்ததாதலால் அது சொந்த பந்தம். ஆனால் ஈரத்தில் இளகுமாதலால் வியர்க்கும் கழுத்துக்கு உதவாது.

கிணற்றில் மாடு பூட்டிக் கவலை இறைத்த நம் முன்னோர், இரும்புச் சாலோடு தோல் வாலைப் பசையை நம்பிச் சேர்க்கவில்லை, கட்டியே இணைத்தார்கள். நீங்களும் ஒட்டியபின் ஓரத்தைத் தைத்துவிடுங்கள்.