முன்னால் போன பின்வரிசைக்காரர்

கேள்வி: எங்கள் ஃபுட்பால் டீமில் எனக்கு எப்போதும் பேக் இடம்தான். கோல் போடுகிறவனைத்தான் தோளில் தூக்குகிறார்கள். டிஃபெண்டருக்குப் பெயர் கிடைக்கவே கிடைக்காதா? (வாசகர், எர்ணாவூர்)

பதில்: ஜர்னைல் சிங்கைக் கேட்டிருந்தால் சிரித்திருப்பார். பஞ்சாபில் பிறந்து, 1959-ல் மோகன் பகான் கிளப்புக்கு வந்து, 1960 ரோம் ஒலிம்பிக்கில் நம் அரணாக நின்ற ஸ்டாப்பர் அவர்.

1962, ஜகார்த்தா ஆசிய விளையாட்டு. தாய்லாந்துடனான ஆட்டத்தில் அவர் மண்டை உடைந்து தையல் விழுந்தது. வேறொருவர் என்றால் பெஞ்சில் உட்கார்ந்திருப்பார். பயிற்சியாளர் ரஹீம் அவரை சென்டர் ஃபார்வர்டாக அனுப்பினார்! அரையிறுதியில் தென் வியட்நாமுக்கு எதிராக ஒரு கோல். இறுதியாட்டத்தில் தென் கொரியா. முதல் சுற்றில் நம்மை 2-0 என்று வீழ்த்திய அதே அணி. பி.கே. பானர்ஜி ஒன்று, ஜர்னைல் ஒன்று, 2-1, தங்கம். கோல் கம்பத்தில் மெட்ராஸ் ரெஜிமென்டில் ஆடி வளர்ந்த பீட்டர் தங்கராஜ். ரஹீம் அப்போதே புற்றுநோயோடு இருந்தார். அடுத்த ஆண்டு மறைந்தார். அடிபட்ட டிஃபெண்டரை முன்னால் அனுப்பிய அந்தத் துணிச்சலான முடிவுக்காகவே அவரைக் கும்பிடலாம்.

ஜர்னைல் பிறகு இந்திய அணிக்குக் கேப்டன் ஆனார். 1964-ல் அர்ஜுனா விருதும் வந்தது. இத்தனைக்கும் அவர் பேர் வாங்கியது பந்தைப் பிடுங்கியதற்காகத்தான். கோல் போட்டது கூடுதல் வேலை.

அடுத்த ஆட்டத்தில் கார்னர் கிடைத்தால் நீங்களும் முன்னால் போங்கள். திரும்பி ஓடிவர மட்டும் மூச்சு மிச்சம் வையுங்கள்.