பதினெட்டாயிரம் லூமென்ஸ் இருட்டு

புரொஜெக்டர் பெட்டியின் மேல் 18,000 லூமென்ஸ் என்று அச்சடித்திருக்கிறது. பக்கத்தில், தங்க நிறத்தில், 4கே. அடித்துவிட்ட விலை 29,999. அடிக்காத விலை 7,499. அடிப்பக்கத்தில், பூதக்கண்ணாடி வைத்திருப்பவர்களுக்காக, 60 வாட்.

இந்த எண்களில் நம்பக்கூடியது கடைசி ஒன்றுதான். அதையும் பெருக்கிப் போட்டிருப்பார்கள். கரன்ட் பில் காட்டிக்கொடுத்துவிடும் என்றுதான் விட்டுவைத்தார்கள்.

சென்னை சி.டி.எச். சாலைக் கம்பத்தில் இருக்கிற எல்.இ.டி. விளக்கு பதினெட்டாயிரம் லூமென்ஸ் கொட்ட வேண்டுமென்றால் ஏறக்குறைய 150 வாட் தின்னும். அதற்கு வேறு வேலை இல்லை, எரிந்தால் போதும். புரொஜெக்டர் அப்படியில்லை. வெளிச்சத்தை ஒரு எல்.சி.டி. தகட்டுக்குள் நுழைத்து, லென்ஸ் வழியே பிழிந்து, சுவரில் விழச் செய்ய வேண்டும். பெரும்பங்கு உள்ளேயே சூடாகிச் செத்துப்போகும். உள்ளே விசிறி அவ்வளவு அலறுவது அதனால்தான். தெருவிளக்கில் பாதிக்கும் குறைவான மின்சாரம், தெருவிளக்கு அளவு வெளிச்சம், அதுவும் பிழிந்த பிறகு. நோபல் கமிட்டிக்கு இன்னும் தகவல் போகவில்லை போலும்.

நிஜமான பதினெட்டாயிரம் லூமென்ஸ் எங்கே இருக்கிறது என்றால், சினிமா தியேட்டரின் ஆபரேட்டர் அறையில். நூறு கிலோவை ஒட்டிய எடை, கிலோவாட் கணக்கில் எரியும் செனான் விளக்கு, சூட்டை வெளியேற்றத் தனிக் குழாய், பல லட்சம் ரூபாய் விலை. அதைத்தான் கைப்பிடி வைத்து, ரிமோட் கொடுத்து, நாளை மாலைக்குள் பூந்தமல்லியில் டெலிவரி செய்கிறார்கள்.

வெளிச்சத்தை அளக்க வழியில்லை என்று யாரும் சொல்ல முடியாது. திரையை ஒன்பது கட்டமாகப் பிரிக்க வேண்டும். ஒவ்வொரு கட்டத்தின் நடுவிலும் மீட்டரை வைத்துப் படிக்க வேண்டும். சராசரியைத் திரையின் பரப்பால் பெருக்க வேண்டும். ஆன்சி லூமென்ஸ் என்பது இவ்வளவுதான். ஐ.எஸ்.ஓ. 21118 என்று சர்வதேசத் தரமும் இருக்கிறது. எட்டாம் வகுப்புக் கணக்கு. அதைப் போட்டால் மேற்படி ரகப் பெட்டிகள் நூறிலோ இருநூறிலோ மூச்சு வாங்கும். ஆகவே ஆன்சி என்ற சொல்லைப் பெட்டியிலிருந்து எடுத்துவிட்டார்கள். வெறும் லூமென்ஸ். யார் அளந்தது, எங்கே அளந்தது என்று கேட்பவன் பிழைக்கத் தெரியாதவன். அமெரிக்காவில் எப்சன் நிறுவனம் இப்படி ஊதிப் போட்ட விற்பனையாளர்கள் பலரை நீதிமன்றத்துக்கு இழுத்தது. அங்கே வியாபாரப் பொறாமையாவது ஜனங்களுக்கு உதவியது. நமக்கு ஒற்றை நட்சத்திரம் போட்டுக் குமுறும் சுதந்திரம் இருக்கிறது.

4கே கதை இன்னும் ரசமானது. ‘4கே சப்போர்ட்’ என்றுதான் போட்டிருப்பார்கள். பொய் இல்லை. நீங்கள் 4கே படத்தைக் கொடுத்தால் வாங்கிக்கொள்ளும். உள்ளே இருக்கும் தகட்டில் 854-க்கு 480 புள்ளிகள். வந்த எண்பத்து மூன்று லட்சம் புள்ளிகளை நான்கு லட்சமாக நசுக்கிச் சுவரில் அப்பும். இருபதுக்கு ஒன்று மிஞ்சும். அரசு நிதி ஒதுக்கீட்டைப் பார்த்துப் பழகியவர்களுக்கு இந்த விகிதம் அதிர்ச்சி தராது.

இதை எந்த ஊரில் விற்கிறார்கள் என்பதுதான் வயிற்றெரிச்சல். 1964-இல் தொடங்கியது அம்பத்தூர் தொழிற்பேட்டை. அறுபது ஆண்டுகளாக இரும்பை மைக்ரான் கணக்கில் கடைந்துகொண்டிருக்கிறது. ஒரு புஷ் பத்து மைக்ரான் கூடிப்போனால் மொத்த லாட்டும் ரிஜெக்‌ஷன். கார் கம்பெனியிலிருந்து டெபிட் நோட் வரும். லேத்துக்காரர் அந்த மாத லாபத்தை மறந்துவிட வேண்டியதுதான். அதே மனிதர் ஷிப்டு முடிந்து, பிள்ளைகள் ஐ.பி.எல். பார்க்கட்டுமே என்று ஒரு புரொஜெக்டர் வாங்குகிறார். பிழை பத்து மைக்ரான் இல்லை, நூறு மடங்கு. யாருக்கும் டெபிட் நோட் போவதில்லை. துல்லியம் என்பது சிறுதொழில்காரனுக்கு மட்டும் விதித்த தண்டனை.

பக்கத்து ஊர் ஆவடி. அங்கே 1965-இலேயே விஜயந்தா டாங்கி உருண்டு வெளியே வந்தது. பிறகு அர்ஜுன் வந்தது. இரவில் எதிரியைப் பார்த்துச் சுடும் வண்டியை ஓட்டிக் காட்டும் ஊருக்கு, சுவரில் படம் காட்டும் டப்பா சீனாவின் ஷென்ஜெனிலிருந்து வர வேண்டியிருக்கிறது. கொஞ்சம் நல்ல ரகம் என்றால் டி.எல்.பி. சிப். அதற்கு அமெரிக்காவின் டெக்ஸாஸ் இன்ஸ்ட்ருமென்ட்ஸ். அந்த நிறுவனம் 1985-இலேயே பெங்களூரில் கடை விரித்துவிட்டது. நம் பிள்ளைகள் நாற்பது ஆண்டுகளாக அதற்கு மூளையைக் கொடுக்கிறார்கள். சிப் சீனாவுக்குப் போகிறது, பெட்டியாகி இங்கே வருகிறது. நடுவில் நாம் ஸ்டிக்கர் ஒட்டுகிறோம். ஒரே அச்சில் வார்த்த பெட்டிக்குப் பத்துப் பெயர். சில பெயர்களில் சமஸ்கிருத வாடை அடிக்கும். தேசபக்தி.

துறைமுகத்துக்குப் போவோம். இங்கேதான் அரசு விழித்திருக்கிறது. வெளிச்சம் எவ்வளவு என்று கேட்காது. பின்பக்கம் என்ன ஓட்டை என்று கேட்கும். சுங்கப் பட்டியலில் புரொஜெக்டருக்கு இரண்டு அறைகள். 8528 62 என்றால் கணினியோடு நேரடியாக இணையக்கூடியது, அதற்காகவே வடிவமைத்தது. உலக வர்த்தக அமைப்பின் தகவல் தொழில்நுட்ப ஒப்பந்தப்படி சுங்க வரி சைபர். 8528 69 என்றால் மற்றவை. வரி கட்டு. முன்பு, 2017-க்கு முன், இன்னும் அழகாக இருந்தது: ‘முழுவதுமாகவோ பிரதானமாகவோ’ கணினியோடு பயன்படுத்துவதா என்று பார்த்தார்கள். வி.ஜி.ஏ. ஓட்டை இருந்தால் கணினிச் சாதி. எச்.டி.எம்.ஐ. ஓட்டையும் இருந்தால் டி.வி. பார்ப்பான், சினிமா பார்ப்பான், ஆகவே சந்தேகம். மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் வரை வழக்குகள் போயின. மூத்த வழக்கறிஞர்கள், நீதித்துறை உறுப்பினர், தொழில்நுட்ப உறுப்பினர் எல்லோரும் உட்கார்ந்து, ஒரு டப்பாவின் பின்பக்கத்தை ஆண்டுக்கணக்கில் ஆராய்ந்தார்கள். ஒருவராவது அதைச் சுவரை நோக்கித் திருப்பி ஆன் செய்து பார்த்தாரா என்பது பதிவாகவில்லை.

அடுத்தது ஜி.எஸ்.டி. 2017 ஜூலை 1 முதல் புரொஜெக்டருக்கு 28 சதவீதம். பான் மசாலா, சிகரெட் எல்லாம் உட்கார்ந்த பந்தி அது. தங்கத்துக்கு 3 சதவீதம். கழுத்தில் போடுவது அத்தியாவசியம், டியூஷன் சென்டர் சுவரில் தாவர செல்லின் படம் போடுவது ஆடம்பரம். பெரிய கம்பெனி அந்த 28-ஐ உள்ளீட்டு வரியாகத் திரும்ப எடுத்துக்கொண்டது. பள்ளிக்கூடத்துக்கு அந்த வசதி இல்லை. வீட்டுக்கும் இல்லை. திருப்பிக் கேட்க வக்கில்லாதவன் தலையில் முழு வரியும் விழுந்தது. இதற்குப் பெயர் நல்ல, எளிமையான வரி.

எட்டு ஆண்டுகள் கழித்து, 2025 செப்டம்பர் 22 முதல், 18 ஆகக் குறைத்தார்கள். பண்டிகைப் பரிசு என்றார்கள். எட்டு வருடம் பையிலிருந்து எடுத்தவன், இனிமேல் கொஞ்சம் குறைவாக எடுக்கிறேன் என்பது பரிசு. போகட்டும். கணக்குப்படி, வரிக்கு முன் பத்தாயிரம் விலையுள்ள பொருள் 12,800-லிருந்து 11,800-க்கு இறங்க வேண்டும். ஆயிரம் ரூபாய். அதை எங்கே தேடுவீர்கள்? அடித்துவிட்ட 29,999-லா, அடிக்காத 7,499-லா? அதிகபட்ச விலையைத் தாண்டி விற்கக் கூடாது என்று சட்டம் இருக்கிறது. அந்த அதிகபட்சம் எவ்வளவு அதிகமாக இருக்கலாம் என்பதற்கு வரம்பு வைக்கவில்லை. வானமே எல்லை என்பதைச் சட்டமாகவே எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். ஒரு நாளும் யாரும் வாங்காத விலையை அச்சடித்து, அதை அடித்து, 75 சதவீதத் தள்ளுபடி என்று போட்டால் அதற்குள் ஆயிரம் ரூபாய் வரிக்குறைப்பு ஒளிந்துகொள்ள எத்தனை இடம்!

புகார் செய்யலாமே என்பீர்கள். வரி குறைந்தும் விலையைக் குறைக்காத வியாபாரியைப் பிடிக்க, கொள்ளை லாபத் தடுப்பு என்று ஓர் ஏற்பாடு 2017-இல் வந்தது. முதலில் தனி ஆணையம். பிறகு 2022-இல் போட்டி ஆணையத்தின் தலையில் கட்டினார்கள். 2024-இல் ஜி.எஸ்.டி. தீர்ப்பாயத்துக்குத் தள்ளினார்கள். 2025 ஏப்ரல் 1 முதல் புதுப் புகார் வாங்குவதே நிறுத்தம். அன்றைய தேதியைக் கவனியுங்கள், முட்டாள்கள் தினம். ஆறு மாதம்கூட ஆகவில்லை, நூற்றுக்கணக்கான பொருள்களுக்கு வரி குறைகிறது. காவல் நாயைச் சங்கிலியோடு தோட்டத்தில் புதைத்துவிட்டு வீட்டுக் கதவைத் திறந்துவைத்த கதை.

தியேட்டருக்குப் போய் நிம்மதியாகப் பார்க்கலாம் என்றால், அங்கேயும் புரொஜெக்டர் பஞ்சாயத்துதான். பிலிம் சுருள் போய் டிஜிட்டல் வந்தபோது, எந்திரத்தின் விலையை யார் கட்டுவது என்று கேள்வி வந்தது. ஹாலிவுட்டில் பிரின்ட் செலவு மிச்சமான ஸ்டுடியோக்கள் சில காலத்துக்கு ஒரு கட்டணம் தந்து கடனை அடைத்தன. வி.பி.எஃப். என்று பெயர். இங்கே அந்தச் ‘சில காலம்’ முடிய மறுத்தது. டிஜிட்டல் திரையிடல் கம்பெனிகளான கியூப், யு.எஃப்.ஓ. கேட்ட கட்டணத்தை எதிர்த்துத் தமிழ்த் தயாரிப்பாளர்கள் 2018 மார்ச் 1 முதல் புதுப்படங்களை நிறுத்தினார்கள். ஏப்ரல் வரை இழுத்தது. 2020 நவம்பரில், கொரோனாவுக்குப் பிறகு தியேட்டர் திறந்ததும் பாரதிராஜா தலைமையிலான தயாரிப்பாளர் சங்கம் மறுபடி கொடி பிடித்தது. அந்த மாதத்துக்குக் கட்டணத் தள்ளுபடி வந்தது. எந்திரத்தின் விலையைத் தயாரிப்பாளர் கட்டினாரா, தியேட்டர்காரர் கட்டினாரா, கம்பெனி கட்டியதா என்று அவர்கள் இன்னும் அடித்துக்கொள்ளட்டும். கவுன்டரில் நின்று கட்டியவன் யார் என்பதில் நமக்குக் குழப்பமே இல்லை. திரையில் 14 ஃபுட்-லாம்பர்ட் வெளிச்சம் விழ வேண்டும் என்று தொழில்முறைத் தரம் இருக்கிறது. செனான் விளக்கைச் சிக்கனப்படுத்தினால் அது குறையும். இரவுக் காட்சிச் சண்டையில் யார் யாரை வெட்டினார்கள் என்று தெரியாமல் வெளியே வந்து, ஒளிப்பதிவாளரைத் திட்டிக்கொண்டு பைக்கை எடுக்கிறோம்.

இவ்வளவுக்கும் அரசுக்கு வெளிச்சம் அளக்கத் தெரியாது என்று நினைத்துவிடாதீர்கள். அரசு தனக்கு வாங்கும்போது டெண்டரில் தெளிவாக, ஆன்சி லூமென்ஸ், இத்தனை என்று எழுதுகிறது. விளக்கு எத்தனை மணி நேரம் எரிய வேண்டும் என்று எழுதுகிறது. உள்நாட்டு மதிப்பு ஐம்பது சதவீதம் இருந்தால் முதல் வகுப்பு உள்ளூர் சப்ளையர் என்று முன்னுரிமை கொடுக்கிறது. சின்ன டெண்டர் என்றால் அந்த ஐம்பதை சப்ளையரே தனக்குச் சான்றளித்துக்கொள்ளலாம். தேர்வு எழுதியவனே பேப்பர் திருத்துகிறான். வாங்கியபின் என்ன ஆகிறது என்பது உங்களுக்கே தெரியும். திறப்பு விழாவில் எரியும். விளக்கு செத்தால், மாற்று விளக்கு வாங்க எந்தத் தலைப்பில் நிதி என்று கோப்பு நகரும். கோப்பு திரும்பி வருவதற்குள் அந்த மாடலையே கம்பெனி நிறுத்தியிருக்கும். கூரையில் தொங்கும் புரொஜெக்டரில் குருவி கூடு கட்டும். குருவி இனத்தைக் காப்பாற்றும் திட்டம் என்று வேறு கணக்குக் காட்டலாம்.

எரிகிற புரொஜெக்டர்களும் உண்டு. ஆலோசனைக் கூட்ட அறைகளில். ஏசி அறை, முந்திரி, சுவரில் வெள்ளத் தடுப்புத் திட்டம். நீல அம்புகள் ஏரியிலிருந்து கால்வாய்க்கும், கால்வாயிலிருந்து ஆற்றுக்கும் ஓடும். அங்கே நாலாயிரம் ஆன்சி லூமென்ஸ், அக்மார்க். மழைநீர் வடிகால் அவ்வளவு பளிச்சென்று வேறெங்கும் தெரியாது. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வந்தபோது அம்பத்தூர் தொழிற்பேட்டையில் தண்ணீர் அம்புக்குறியைப் படிக்கவில்லை. லேத்துகள் மூழ்கின. மைக்ரோமீட்டர்கள் மூழ்கின. அடுத்த கூட்டத்தில் அம்புகளின் நிறத்தை மாற்றினார்கள்.

தமக்கு வாங்கினால் ஆன்சி, நமக்கு விற்றால் ஆகாசம். 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தில் தவறான விளம்பரத்துக்குப் பத்து லட்சம் வரை அபராதம் போட மத்திய ஆணையத்துக்கு அதிகாரம் இருக்கிறது. மறுபடி செய்தால் ஐம்பது லட்சம் வரை. ஆவடி மார்க்கெட்டில் தக்காளி விற்கும் அம்மாவின் தராசுக்கு முத்திரை கட்டாயம். முத்திரை தவறினால் அதிகாரி வந்துவிடுவார். அந்த அம்மா 18,000 கிராம் என்று சொல்லி 150 கிராம் நிறுத்துக் கொடுத்துப் பார்க்கட்டும். மார்க்கெட்டே திரண்டு வந்துவிடும். அதே வித்தையை லூமென்ஸில் செய்தால் ‘பெஸ்ட் செல்லர்’ என்று ஆரஞ்சு நிறத்தில் பட்டை கட்டுகிறார்கள்.

நாசரத்பேட்டை பக்கம் வெளிவட்டச் சாலையில் கன்டெய்னர்கள் இன்றைக்கும் போய்க்கொண்டிருக்கின்றன. ஒரு பெட்டியைப் பிரிக்கலாம். சுவரில் ஒன்பது கட்டம் போடலாம். ஒன்பது முறை படித்து, கூட்டி, வகுத்து, பெருக்கினால் அரை மணி நேரத்தில் உண்மை வெளியே வந்துவிடும். லக்ஸ் மீட்டர் ரிச்சி தெருவில் இரண்டாயிரத்துக்குள் கிடைக்கிறது, ஜி.எஸ்.டி. 18 சதவீதம் உட்பட. ஐயா, பில் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள்.