அடிக்கணக்கில் ஒரு மகாத்மா

ஆவணப்படத்தின் இறுதியில் ஓடும் பெயர்ப் பட்டியலில், காப்பகக் காட்சிகளை, அதாவது பிறர் என்றோ எடுத்த பழைய படச்சுருள்களை, தேடித் தருபவரின் பெயர் அரங்கம் காலியான பிறகு திரைக்கு வருவதே மரபு. சுருளைக் கண்டுபிடிப்பதும், அதற்கு உரிமையாளர் யார் என்பதை அதைவிடச் சிரமப்பட்டுக் கண்டுபிடிப்பதுமே அவரது தொழில்.

இத்துறையின் தமிழ் முன்னோடியான ஏ. கே. செட்டியார், காந்தி உயிரோடு இருந்த காலத்திலேயே, அவர் பதிவான காட்சிகளைத் தேடிக் கண்டம் விட்டுக் கண்டம் ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் அலைந்தார். எளிமையின் திருவுருவைத் திரட்டுவது அத்தனை எளிமையாக இருக்கவில்லை. சுமார் 50,000 அடி படச்சுருள் சேர்ந்தது. அதிலிருந்து உருவான ஆவணப்படம் 1940இல் வெளியானது. நன்றி மறவாத நாடு, தேடிச் சேர்த்தவரின் தமிழ்ப் படத்தையே தொலைத்து, அடுத்த தலைமுறைத் தேடுநர்களுக்கு வேலைவாய்ப்பை உறுதிசெய்தது. பிற்காலத்தில் ஆங்கில வடிவமொன்று மட்டும் அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் அகப்பட்டது.

புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் 1964இல் பிறப்பதற்குள், எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் சுருள்கள் பல எரிந்தும் மட்கியும், அவற்றில் படிந்திருந்த வெள்ளிக்காக உருக்கப்பட்டும் மறைந்திருந்தன. காட்சியைக் காட்டிலும் வெள்ளிக்கு விலை கூடுதல் என்ற அன்றைய கணக்கில் பிழை காண இயலாது. எஞ்சிய வரலாற்றை அயல்நாட்டுக் காப்பகங்கள் பத்திரமாகவே வைத்திருக்கின்றன. அதைப் பார்க்க விரும்பும் சந்ததி, வினாடிக்கு இவ்வளவு என்று உரிமக் கட்டணம் செலுத்தினால் போதும்.