சாமி ரூமில் வைத்த செக்கு

வா கண்ணு, திண்ணையில உக்காரு. மூஞ்சியப் பார்த்தாலே தெரியுது, திருப்பூர்க்காரன் இந்த வாரமும் டீயும் பன்னும்தான் வாங்கிக் கொடுத்திருக்கான். 5 லட்ச ரூவாய்க்கு எலாஸ்டிக் ஓட்டிக் கொடுத்தே. ஒரு நாளாவது வெறும் வயித்தோட அனுப்பினானா? தங்கமான மனுசன்.

ஒரே நாள்ல ரெண்டு செக்கு கொடுத்தான்னியே. 20,000 பாஸ் ஆச்சு. 4,80,000? "நான் சொல்றப்பப் போடுங்க"ன்னானாம், நீயும் குங்குமம் வெச்சு சாமி ரூம்ல வெச்சுட்டே. செக்குக்கு ஆயுசு 3 மாசம். அது அங்கயே சிவலோகம் போயிருச்சு. பேங்க்ல போட்டுத் திரும்பி வந்திருந்தா, 30 நாளுக்குள்ள நோட்டீஸ் விட்டு, அவனுக்கு 15 நாள் தவணை கொடுத்து, அப்பறம் ஒரு மாசத்துக்குள்ள செக்குச் சட்டம் 138-ஆம் பிரிவுல கேசு போட்டிருக்கலாம். ரெண்டு வருசம் வரைக்கும் ஜெயில். நீ சாமிகிட்டப் போட்டே. சாமி நோட்டீஸ் விடாது.

எனக்கு எப்படித் தெரியும்னு முழிக்காதே. நான் எதிர்ப்பக்கம் நின்னு படிச்சவன். புண்ணாக்குக் கடைக்காரர் ஒருத்தருக்குப் பாக்கி வெச்சேன், அவரு கோர்ட்டுல டிகிரியே வாங்கிட்டாரு. அமீனா வந்தாரு. ஏரைத் தொட்டாரு, 'உழவன் சாமான்'னாரு என் வக்கீலு. எருதைத் தொட்டாரு, 'பொழப்புக்கு வேணும்'னாரு. சோத்துச் சட்டி, பாய், உங்கத்தை தாலி, எதையும் ஜப்தி பண்ண சிவில் நடைமுறைச் சட்டம் 60-ஆம் பிரிவு விடாது. அமீனா மோரு குடிச்சுட்டுப் போனாரு. இந்த நாட்டுல வழக்காடுறவனுக்குக் கஷ்டம் ஆரம்பிக்கறதே டிகிரி வாங்கின பொறவுதான்னு 1872-லயே லண்டன் பிரிவி கவுன்சில் சொல்லிருச்சாம். ஆனா டிகிரிக்கு 12 வருசம் உயிர் உண்டு. கடைக்காரர் 11-ஆம் வருசம் எருதை விட்டுட்டு வடகாட்டு மேல கண்ணு வெச்சாரு. அன்னிக்கே எண்ணிக் கொடுத்துட்டேன்.

அதனால முதல்ல திருப்பூர்க்காரன் பேர்ல என்ன இருக்குதுன்னு வில்லங்கம் போட்டுப் பாரு. காரு மச்சினன் பேர்ல இருக்கும்.

3 லட்சத்துக்குக் குறையாத யாவாரப் பாக்கிக்கு வணிக நீதிமன்றம். அவசரத் தடை ஏதும் கேக்கலைன்னா நேரா நுழைய முடியாது, சமரசத்துக்கு மனுப் போட்டுட்டுத்தான் போகணும். அவன் வராட்டி வரலைன்னு எழுதிக் கொடுப்பாங்க, அதை வெச்சு உள்ள போ. கோர்ட்டு ஃபீசு முந்தி நூத்துக்கு ஏழரை, 2017-ல மூணாக்கிட்டாங்க. ஏழரை இறங்கினதே நல்ல சகுனம்.

இன்னொண்ணு. நீ உத்யம் பதிவு பண்ணின சிறுதொழில்காரன். 2006 சிறுதொழில் சட்டப்படி 45 நாளைத் தாண்டிப் பாக்கி வெச்சா, ரிசர்வ் வங்கி விகிதத்தப் போல மூணு பங்கு வட்டி, மாசாமாசம் கூட்டு வட்டி. கேக்காம டீ குடிச்சே.

அவன் "அடுத்த மாசம்"னு சொல்லிட்டே இருக்கான்ல? வாயால சொன்னது கேசு போடற கெடுவை நீட்டாது. பாக்கி இருக்குதுன்னு எழுதிக் கையெழுத்துப் போட்டானா? இல்ல. அப்ப கடைசியாப் பணம் வந்த நாள்ல இருந்து மூணு வருசம். மூணு வருசத்துக்கு 36 "அடுத்த மாசம்". எத்தனை ஆச்சுன்னு நீ எண்ணல, அவன் எண்ணிட்டிருக்கான். அந்தப் பன்னு ஒவ்வொண்ணும் கணக்குத்தான்.

20,000 வந்தது மூணு வருசம் முந்தி ஆடிப்பெருக்கு அன்னிக்கு. இன்னிக்கு ஆடி 7, இன்னும் 11 நாள். மனு உள்ள போயிட்டா சமரச நாளெல்லாம் கெடுவுல சேராது.

எந்திரி, திருப்பூர் பஸ்ஸு பத்தே காலுக்கு. போற வழியில அவன் கூப்பிட்டாலும் டீ குடிக்காதே.