மல்லிக்கு ஒரு நிமிஷம், டிகிரிக்கு ஒரு ஆயுசு

சத்தியமங்கலம் பூ மார்க்கெட்டில் மல்லிகைக்கு ஏலம் கேட்க முண்டியடிப்பார்கள். மார்கழியில் கிலோ ஆயிரங்களில் ஏறினாலும் மூட்டை தேங்காது. ஆனால் கூட்டுறவு வங்கிக் கடனுக்காக ஜப்தியான ஒரு பெரிய தோட்டம் ஏலத்துக்கு வரட்டும், ஈ காக்கை எட்டிப் பார்க்காது. தண்டோரா போட்டவர் கூலியை வாங்கிக்கொண்டு நடையைக் கட்டுவார். விற்பனை அலுவலர் ‘ஏலம் கேட்பாரில்லை’ என்று எழுதி, ஊர்ப் பெரியவர்களிடம் சாட்சிக் கையெழுத்து வாங்குவார். யார் ஏலம் கேட்பார்கள்? நாளைக்குச் சீர் செய்யும் இடத்தில் ஒருவர் முகத்தில் ஒருவர் முழிக்க வேண்டுமல்லவா!

சட்டம் ஒன்றும் சோப்ளாங்கி இல்லை. 1983ஆம் ஆண்டு தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம், 90ஆம் பிரிவில் தாவா போட்டால் பதிவாளரோ அவர் நியமிக்கும் அலுவலரோ தீர்ப்பு, அதாவது டிகிரி, கொடுக்கலாம் என்கிறது. சிவில் கோர்ட்டுக்கு அலைய வேண்டாம். டிகிரியை நிறைவேற்றும் மனு (ஈ.பி.), ஜப்தி, ஏலம் எல்லாம் துறையின் கையிலேயே. அதற்குமேல் 152இல் அப்பீல், 153இல் சீராய்வு, அதுவும் போனால் சென்னையில் ரிட். இத்தனை படி ஏறி எந்தப் பெரிய கடனாளியும் இளைத்ததில்லை. பருத்தது வட்டி மட்டும்தான்.

அலுவலர் பெரிய வீட்டுக்குப் போவதைப் பாருங்கள். செருப்பை வாசலிலேயே கழற்றுகிறார்.

“அண்ணா, ஈ.பி. நம்பர் ஆயிருச்சுங்க.”

“ஆவட்டும் தம்பி. மஞ்ச வித்ததும் கட்டிப்போடலாம். மொதல்ல காப்பியக் குடிங்க.”

எந்த வருஷத்து மஞ்சள் என்று இவரும் கேட்பதில்லை, அவரும் சொல்வதில்லை. காப்பி மட்டும் ஒவ்வொரு வருஷமும் சூடாகவே வருகிறது.

நாலு பவுன் கொடியை அதே வங்கியில் அடகு வைத்த அம்மாளுக்கு இந்த உபசாரம் கிடையாது. கெடு தாண்டினால் நோட்டீஸ், பேப்பரில் விளம்பரம், ஏலம். அங்கே தாவாவும் இல்லை, சீராய்வும் இல்லை. பவுனுக்கு ஆள் வராமல் போனதாக யாரும் இதுவரை எழுதவில்லை. அடுத்த பலி, ஜாமீன் போட்ட மச்சான். 1872ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 128ஆம் பிரிவுப்படி கடனாளிக்குள்ள பொறுப்பு அவருக்கும் உண்டு. கடன் வாங்கியவர் கார் வாங்குவார். ஜாமீன்தாரருக்குச் சம்பளத்தில் பிடித்தம்.

சங்கத்துப் பணத்தைத் தின்ற நிர்வாகிகளுக்கு தின்றதைத் திரும்ப வசூலிக்க 87ஆம் பிரிவில் தண்டத்தீர்வை இருக்கிறது. பேர் மட்டும் பயங்கரம்! உத்தரவு பீரோவுக்குள் போனால், தின்றவர் அடுத்த தேர்தலில் ஓட்டுக் கேட்க வருகிறார்.

டெல்லியும் லேசுப்பட்டதல்ல. வங்கிகளின் கடன் வசூல் தீர்ப்பாயம் கூட்டுறவு வங்கிகளுக்கு இல்லை என்று 2007இல் உச்ச நீதிமன்றம் கைவிரித்தது. அடமானச் சொத்தைக் கோர்ட்டுக்குப் போகாமலே வங்கி கைப்பற்ற வழிசெய்யும் சர்பாசி சட்டம் இந்த வங்கிகளுக்கும் செல்லும் என்று 2003இலேயே அறிவிக்கை வந்தும், அது செல்லுமா செல்லாதா என்ற வழக்கு 2020 மே 5ஆம் தேதிதான் முடிந்தது. ஐந்து நீதிபதிகள் சேர்ந்து ‘செல்லும்’ என்றார்கள். பதினேழு வருஷம்! அப்படியும் அந்தச் சட்டம் விவசாய நிலத்தைத் தொடாது. பண்ணையார் தோட்டம் பத்திரம்.

நடுநடுவே தள்ளுபடி. 2006, 2016, 2021. அப்போது முதல்வராக இருந்த எடப்பாடி பழனிசாமி 2021 பிப்ரவரி 5ஆம் தேதி, தேர்தலுக்குச் சில வாரங்கள் முன்பு, 12,110 கோடி ரூபாயைத் தள்ளுபடி செய்தார். 16.43 லட்சம் விவசாயிகள் பயனடைவார்கள் என்றார். மழை பொய்த்துக் கடனில் முழுகியவனுக்குத் தள்ளியதில் எனக்கு வருத்தமில்லை. மாட்டை விற்று ஜனவரியிலேயே கட்டி முடித்தவனுக்கு என்ன கொடுத்தீர்கள்? இளிச்சவாயன் பட்டம்!

வசூலாகாத காசு சர்க்கார் காசு அல்ல. நீங்களும் நானும் போட்ட பங்குத்தொகை, டெபாசிட். ஆகவே சும்மா இருக்காதீர்கள். கூட்டுறவுச் சங்கம் தகவல் உரிமைச் சட்டத்துக்குள் வராது என்று 2013இல் ஒரு கேரள வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆனால் பதிவாளர் அதற்குள் வருவார் என்றும், சட்டப்படி அவர் சங்கத்திடமிருந்து வாங்கக்கூடிய தகவலை அவரிடம் கேட்கலாம் என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. பத்து ரூபாய்க் கட்டணத்தோடு துணைப் பதிவாளர் அலுவலகத்துக்கு ஒரு மனுப் போடுங்கள். எத்தனை டிகிரி நிறைவேறாமல் கிடக்கிறது, எத்தனை தண்டத்தீர்வை வசூலாகவில்லை என்று கேளுங்கள். வருகிற பதிலை சங்கத்தின் அடுத்த பேரவைக் கூட்டத்தில், டீயும் மிக்சரும் வருவதற்கு முன்னால், எழுந்து நின்று சத்தமாக வாசியுங்கள்.