பதுமை வைத்த நாற்காலி

ஏதாவது ஒரு பழம்பொருளைத் தூக்கிக்கொண்டு போகலாம் என்று யாராவது எனக்கு அனுமதி கொடுத்தால், கோஹினூர் பக்கம் தலைவைத்துப் படுக்க மாட்டேன். விக்கிரமாதித்தன் சிம்மாசனத்தைத்தான் தூக்குவேன். அப்படி ஒன்று உலகத்தில் கிடையாது என்பது வேறு விஷயம்.

அம்புலிமாமா படித்து வளர்ந்தவர்களுக்கு விக்கிரமன் என்றாலே ஓவியர் சங்கர் வரைந்த படம்தான்: ஒரு கையில் வாள், தோளில் பிணம். அந்த மனிதருக்கு உட்கார ஓர் ஆசனம் இருந்ததையே பலர் மறந்துவிட்டோம். ரம்பையா ஊர்வசியா, யார் ஆட்டம் உசத்தி என்று தேவலோகமே முழித்தபோது, பூச்செண்டுக்குள் தேளை ஒளித்துக் கையில் கொடுத்து ஆடவிட்டுத் தீர்ப்புச் சொன்னவர் அவர். (நம் டிவி நடுவர்களுக்கு இந்தத் துணிச்சல் வராது. கண்ணைத் துடைத்துக்கொண்டு இருவருக்கும் பத்துக்குப் பத்து போடுவார்கள்.) மகிழ்ந்துபோன இந்திரன் சிம்மாசனத்தையும், அதில் 1,000 ஆண்டுகள் அமர்ந்து ஆளும் வரத்தையும் கொடுத்தான். தம்பி பட்டியோ காளியிடம் 2,000 ஆண்டு ஆயுள் வாங்கி வைத்திருந்தான். அண்ணன் பாதியிலேயே போய்விடுவாரே! உடனே ஒரு வழி கண்டுபிடித்தான். ஆறு மாதம் நாட்டில் ஆட்சி, ஆறு மாதம் காட்டில் வாசம். ஆயிரம் இரண்டாயிரம் ஆகிவிட்டது. ஆடிட்டர்கள் தங்கள் அறையில் பட்டியின் படத்தை ஏன் மாட்டவில்லை என்று தெரியவில்லை.

ஆனால் எனக்குப் பிடித்த இடம் இதெல்லாம் இல்லை. சிம்மாசனம் மண்ணுக்குள் புதைந்து, மேலே பயிர் முளைத்துவிட்ட பிறகு நடக்கும் கதை. கொல்லைக்காரர் ஒருவர் அதே மேட்டில் பரண் போட்டுக் காவல் காக்கிறார். போஜராஜன் பரிவாரத்தோடு அந்த வழியாக வருகிறான். பரண்மேல் இருந்தவர், "வாங்க, வாங்க! கதிரை ஒடிச்சுத் தின்னுங்க, குதிரைக்கும் போடுங்க" என்று கூப்பிடுகிறார். எல்லோரும் கொல்லைக்குள் இறங்குகிறார்கள். அவரும் பரணைவிட்டு இறங்குகிறார். கால் தரையில் பட்டதும், "ஐயோ, கொள்ளை போகுதே! என் பிழைப்பே போச்சே!" என்று ஒரே ஓலம். பதறிப்போய் எல்லோரும் வெளியேறுகிறார்கள். மறுபடி பரண் ஏறுகிறார். "அடடா, ஏன் போறீங்க? வயிறாரச் சாப்பிட்டுத்தான் போகணும்!" பாவம், குதிரைகள். வாயில் வைத்த கதிரை மெல்வதா துப்புவதா என்று அவற்றுக்குத் தெரிந்திருக்காது.

மனிதர் கெட்டவரும் இல்லை, நல்லவரும் இல்லை. கீழே புதைந்து கிடக்கும் ஆசனம் அவரை ஆட்டிவைக்கிறது. உட்கார்ந்தால் வள்ளல், இறங்கினால் கஞ்சன். இதை யோசித்துத்தான் போஜன் தோண்டச் சொல்கிறான்.

நம் ஊர் நாற்காலிகளில் இந்த எந்திரம் தலைகீழாகப் பொருத்தப்பட்டிருக்கிறது. எங்கள் அடுக்ககத்தில் ஒருவர், சங்கச் செயலாளர் ஆவதற்கு முன்னால் மாடிப்படியில் எதிர்ப்பட்டால் நம் கையிலிருக்கும் காய்கறிப் பையை வாங்கிக்கொண்டு மூன்று மாடி ஏறுவார். "தண்ணி பிரச்சினையா? நான் பாத்துக்கறேன் சார்" என்பார். தேர்ந்தெடுத்தோம். சங்க அறையில் கிடந்தது சாதாரண பிளாஸ்டிக் நாற்காலிதான். மறுநாளே அதன் முதுகில் ஒரு வெள்ளைத் துண்டு முளைத்தது. அப்புறம் தண்ணீர் என்று வாயெடுத்தால், "எழுதிக் குடுங்க, கமிட்டியில வெப்போம்." அவரே மாலையில் செருப்பு மாட்டிக்கொண்டு பால் வாங்க இறங்கும்போது பழையபடி தங்கமான மனுஷர். ஆகவே நான் என் புகார்களை எல்லாம் பால்கடை வாசலில் வைத்தே சொல்லிவிடுகிறேன். வேலை நடக்கிறது.

போஜன் கதைக்கு வருவோம். தோண்டி எடுத்த சிம்மாசனத்துக்குப் படிகள், படிக்கொரு பதுமை. அவன் கால் வைத்ததும் முதல் பதுமை சிரிக்கிறது. "விக்கிரமாதித்தன் என்ன செய்தான் தெரியுமா?" என்று ஆரம்பித்து, ஒரு கதையைச் சொல்லி, அப்படி நீ செய்வாயா என்று கேட்கிறது. அடுத்த படிக்கு அடுத்த பதுமை, அடுத்த கதை. 32 பதுமைகளும் இப்படித்தான். சரித்திரத்து போஜன் 11ஆம் நூற்றாண்டில் தாரா நகரை ஆண்ட பரமார மன்னன். கட்டடக் கலையைச் சொல்லும் 'சமராங்கண சூத்திரதாரா' அவன் பெயரில் வழங்கும் நூல். எந்திரப் பாவைகள் செய்வதற்கும் அதில் ஓர் அத்தியாயம் உண்டு. பொம்மையை ஆட்டிவைக்கும் விதத்தை எழுதியவனையே கதாசிரியர் பொம்மைகளிடம் மாட்டிவிட்டிருக்கிறார். குறும்புக்காரர்.

வாள் இல்லை, காவலாளி இல்லை. வெறும் கதையை வைத்தே ஒரு ராஜாவைப் படியிலேயே நிறுத்திவிட்டன அந்தப் பதுமைகள். சில பிரதிகளில் போஜன் கடைசிவரை உட்காருவதே இல்லை. கதை சொல்லி முடித்ததும் பதுமைகள் பார்வதியின் சாபம் நீங்கிப் போய்விடுகின்றன. அவன் சிம்மாசனத்தில் சிவபார்வதியை வைத்து வணங்குகிறான். 32 முறை காதுகொடுத்துக் கேட்டானே, அதற்காகவே அவனை உட்காரவைத்திருக்கலாம் என்பது என் கட்சி.

எங்கள் சங்கத்துக்கு மறுபடி தேர்தல் வரப்போகிறது. பேசும் பதுமை செய்யத் தெரிந்த தச்சர் யாரையாவது உங்களுக்குத் தெரிந்தால் சொல்லுங்கள். 32 வேண்டாம். பாதிப் பேர் சந்தா பாக்கி, ஒன்று போதும்.